பன்னி என்றால் வாருங்கள்

முதல் சந்திப்பிலேயே என்னைப் பன்னி என்று அழைத்த பெண்மணி இந்த உலகத்தில் ஒருவர்தான். மற்றவர்கள் கொஞ்சம் பழகிய பிறகே அந்த முடிவுக்கு வந்தார்கள்.

சேலத்திலிருந்து மாற்றலாகி மைசூருக்கு வந்த முதல் நாள் அது. ஹெப்பாள் தொழிற்பேட்டையில் எங்கள் கம்பெனியின் தொழிற்சாலை. அங்கே தீ, விபத்துப் பாதுகாப்பு அதிகாரியாகப் பொறுப்பேற்க வேண்டும். நுழைந்ததும் வரவேற்பு மேசை. மேசைக்குப் பின்னால் காட்டன் புடவையில், காதோரம் நரை தெரிய, என்னைவிட ஏழெட்டு வயது மூத்தவராக ஓர் அம்மாள். மேசைக்கு முன்னால் ஒரு லாரி டிரைவர். விடியற்காலையில் வந்தவரை இன்னும் சரக்கு இறக்க விடவில்லை போலிருக்கிறது. எனக்குக் கன்னடம் தெரியாது. ஆனால் வசவுக்கு எந்த ஊரிலும் மொழிபெயர்ப்பு தேவையில்லை. அவர் கத்தி முடித்து, மேசையை ஒரு தட்டு தட்டிவிட்டு வெளியே போனார்.

அந்த அம்மாள் அசையவில்லை. காது மடல் மட்டும் சிவந்திருந்தது. பக்கத்தில் காலியாகக் கிடந்த பிளாஸ்டிக் நாற்காலியை ஒருமுறை பார்த்தார். பிறகு, சம்பந்தி வீட்டாரை வரவேற்பதுபோல அத்தனை மரியாதையோடு, மெல்லச் சொன்னார்:

“பன்னி. கூத்கொள்ளி.”

அந்த நாற்காலிக்குப் பக்கத்தில் நின்றிருந்தது நான் ஒருவன்தான்.

சேலத்துக் காதில் அது எப்படி விழுந்திருக்கும் என்று நினைத்துப் பாருங்கள். முதலில் பன்றி. அடுத்து ஏதோ கூத்து. கடைசியில் கொள்ளி. தீயணைக்க வந்தவனைப் பார்த்துச் சொல்லக்கூடிய வார்த்தையா இது? பெட்டியைத் தூக்கிக்கொண்டு அடுத்த பஸ்ஸில் ஏறிவிடலாமா என்று நான் யோசித்துக்கொண்டிருந்தபோது, அவர் என் அடையாள அட்டையைப் பார்த்துவிட்டு நல்ல தமிழில் பேசினார்.

“சேலமுங்களா? உங்களைச் சொல்லலீங்க. கோவத்தைச் சொன்னேனுங்க.”

எனக்கு இன்னும் கொஞ்சம் பயமாகிவிட்டது.

பன்னி என்றால் கன்னடத்தில் ‘வாருங்கள்’. முதல் எழுத்தைத் தொண்டையிலிருந்து கொஞ்சம் அழுத்திச் சொல்ல வேண்டுமாம். தமிழ்க் காதுக்கு இரண்டும் ஒன்றுதான். கூத்கொள்ளி என்றால் ‘உட்காருங்கள்’. தமிழ்நாட்டு எல்லையோரம் இருக்கும் ஹனூர் பக்கத்துத் தமிழ்க் குடும்பத்தில் பிறந்து, கல்யாணமாகி மைசூருக்கு வந்தவர் அந்த அம்மாள். வரவேற்பு மேசைக்கு வருகிற எல்லோரிடமும் அவர் முதலில் சொல்வது இந்த இரண்டு வார்த்தைகளைத்தான். ஆள் யாராக இருந்தாலும் ஒரு நாற்காலி, ஒரு தம்ளர் தண்ணீர். அதே மரியாதையைத் தனக்கு வருகிற கோபத்துக்கும் பயத்துக்கும் எரிச்சலுக்கும் கொடுத்துவந்தார். வித்தியாசம் அவ்வளவுதான்.

கம்பெனி பஸ்ஸில் நாங்கள் குவெம்புநகரிலிருந்து ஒன்றாகத்தான் போய்வருவோம். ஒருநாள் கேட்டேவிட்டேன், இது என்ன வழக்கம் என்று. அவருக்குக் கேள்வியே புரியவில்லை.

“கோவம் வருதுன்னுதானுங்க நாமளும் சொல்றோம்? வர்றவங்களை வாங்கன்னு சொல்லாம வேறென்னங்க சொல்றது?”

சரி, அதைத் தமிழிலேயே சொல்லலாமே என்றேன்.

“ஊர்ல இருந்தப்ப எனக்குக் கோவமே கெடையாதுங்க. எங்கம்மாவுக்குத்தான் இருந்துச்சு. எனக்கு வந்ததெல்லாம் இங்க வேலைக்குச் சேந்தப்புறம். இந்தக் கோவம் மைசூர்க்காரருங்க. அவருக்குத் தமிழ் தெரியுமுங்களா?”

நான் ஜன்னல் வழியாகச் சாமுண்டி மலையைப் பார்த்தேன். அந்த மலைக்குத் தமிழ் தெரியுமா என்று யோசித்தேன்.

இப்போது என்னைப் பற்றி ஒரு ரகசியம். எங்கள் தொழிற்சாலையில் தீ, புகை, கசிவு எதற்கும் அஞ்சாமல் முதலில் நிற்க வேண்டியவன் நான். அந்த நான் ஒரு பயந்தாங்கொள்ளி. சாதாரண பயந்தாங்கொள்ளி என்றால்கூடப் பரவாயில்லை. தீயைப் பார்த்தால் எனக்குப் பயம் வராது. ஒன்றுமே இல்லாதபோதுதான் வரும்.

முதல் தடவை வந்தது கம்பெனி பஸ்ஸில். சாயங்காலம் ரிங் ரோட்டில், ஹின்கல் பக்கம், நெரிசலில் பஸ் நின்றுவிட்டது. திடீரென்று நெஞ்சுக்குள் யாரோ உலக்கை போட்டார்கள். விரல் நுனிகள் மரத்தன. மூச்சு உள்ளே போனது, வெளியே வருவதற்கு வழி கேட்டுக்கொண்டு நின்றது. இதோ, இன்னும் இரண்டு நிமிடம், அப்புறம் நமக்கு மாலை என்று எனக்குச் சந்தேகமே இல்லாமல் தெரிந்துவிட்டது. டிபன் பாக்ஸை ஆபீஸிலேயே வைத்துவிட்டேன் என்று சொல்லி பஸ்ஸிலிருந்து இறங்கினேன். டிபன் பாக்ஸ் கையில்தான் இருந்தது. அதை ஆட்டிக்கொண்டேதான் சொன்னேன்.

டாக்டர் ஈசிஜி எடுத்துப் பார்த்துவிட்டு எல்லாம் நார்மல் என்றார். எனக்கு அவமானமாகிவிட்டது. இத்தனை சிரமப்பட்டுச் சாகக் கிடப்பவனுக்கு ஒரு வியாதியின் பெயரையாவது கொடுத்து அனுப்பக்கூடாதா? இன்னொரு டாக்டரிடம் போனேன். அவரும் நார்மல் என்றார். மூன்றாமவர் மனப்பதற்றம் என்று ஒரு மாத்திரை கொடுத்தார். அதைப் போட்டுக்கொண்டு அடுத்த நாள் ஜெனரேட்டர் அறையில் நின்றபடியே தூங்கினேன்.

என் மனைவியைத் தவிர யாருக்கும் இது தெரியாது. தெரிந்தால் வேலை போய்விடும். தண்ணீருக்குப் பயந்தவனை நீச்சல் வாத்தியாராக யார் வைத்துக்கொள்வார்கள்? அதனால் பயம் வரும்போதெல்லாம் ஜோக்கடிப்பது என்று ஒரு முறையைக் கண்டுபிடித்தேன். உள்ளே எந்த அளவுக்கு உலக்கை விழுகிறதோ அந்த அளவுக்கு வெளியே சிரிப்பு. பஸ்ஸின் கடைசி வரிசைக்கு நான்தான் அரசன். என் ஜோக்குகளைக் கேட்டு வயிறு வலிக்கச் சிரித்தவர்கள், அந்த நேரத்தில் நான் என் சாவுக்குப் பொருத்தமான போட்டோ எது என்று யோசித்துக்கொண்டிருந்தேன் என்பதை அறிய மாட்டார்கள்.

கடைசி வரிசையில் என்னுடைய தலைசிறந்த உருப்படி எதுவென்றால், அந்த அம்மாளைப் போல நடித்துக் காட்டுவது. முந்தானையை இழுத்துவிட்டுக்கொள்வதுபோல் ஒரு பாவனை, காலி சீட்டைப் பார்த்து ஒரு கும்பிடு, ‘பன்னி, கூத்கொள்ளி’. மைசூர்க்காரர்கள் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். ஒருநாள் முன் வரிசையிலிருந்து அவர் திரும்பிப் பார்த்தார். மாட்டிக்கொண்டோம் என்று நினைத்தேன். அவர் எழுந்து, கம்பியைப் பிடித்துக்கொண்டு ஆடி ஆடி என்னிடம் வந்தார். சார் என்பதை மைசூர் வழக்கப்படி ‘சாரு’ என்றுதான் சொல்வார்.

“சாரு, நீங்க கூத்கொள்ளின்னு சொல்றது வெரட்டற மாதிரி இருக்குதுங்க. அப்படிச் சொன்னா யாருங்க உக்காருவாங்க? கடைசியில கொஞ்சம் எறக்கிச் சொல்லுங்க. அப்புறம், சொல்லிட்டு உடனே மூஞ்சியத் திருப்பிக்காதீங்க. அவங்க உக்கார்ற வரைக்கும் பாக்கோணும்.”

எல்லோருக்கும் முன்னால் என்னை இரண்டு முறை சொல்ல வைத்துத் திருத்திவிட்டுப் போனார். கேலி செய்யப்பட்டவரே வந்து கேலிக்குச் செப்பனிட்டுக் கொடுத்ததை நான் அதற்கு முன்பும் பார்த்ததில்லை, பின்பும் பார்த்ததில்லை. அன்று முதல் நான் அதை இன்னும் நன்றாகச் செய்தேன். தினமும் செய்தேன். வீட்டில் கண்ணாடிக்கு முன்னால்கூட ஒத்திகை பார்த்தேன். ஒருநாள் காலை குளியலறைக்குள்ளிருந்து ‘பன்னி’ என்று மரியாதையாக ஒரு குரல் வர, சேலத்திலிருந்து அப்போதுதான் வந்திறங்கிய என் மனைவி வெளியே காபி தம்ளரோடு நின்றிருந்தாள். அந்தக் காபி எனக்குக் கிடைக்கவில்லை.

அவரைச் சாந்தமான பெண்மணி என்று யாராவது நினைத்தால் அது தப்பு. அவருக்கு மூக்கின் நுனியில்தான் கோபம் இருந்தது. அது வராத நாள் கிடையாது. ஆனால் வந்தவரை என்ன செய்வது என்பதில் ஒரு திட்டம் இருந்தது. முதலில் உட்கார வைப்பார். பிறகு எங்கே உட்கார்ந்திருக்கிறார் என்று கவனிப்பார். “இன்னைக்குக் கழுத்துல உக்காந்திருக்காருங்க” என்பார். இன்னொரு நாள் தாடையில். மழை நாளில் ஒருமுறை, “ரெண்டு பேரா வந்திருக்காங்க, ஒருத்தர் கோவம், இன்னொருத்தர் யாருன்னு தெரியலீங்க” என்று சொல்லிவிட்டு மத்தியானம் வரை அந்த இன்னொருவர் யார் என்று பார்த்துக்கொண்டிருந்தார். கடைசியில் அது பசி என்று தெரிந்ததும் அவருக்கே சிரிப்பு.

வந்தவருக்குத் தண்ணீர் கொடுக்கலாம், காபி மட்டும் கொடுக்கக்கூடாது என்பது அவருடைய சட்டம். காபி என்றால் என்ன? அவன் இப்படிச் சொன்னான், நான் அப்படிச் சொல்லியிருக்க வேண்டும், போன வருஷம்கூட அவன் இதே மாதிரி என்று நமக்கு நாமே சொல்லிக்கொள்கிறோமே, அதுதான் காபி. “அதைக் குடுத்தீங்கன்னா சாயங்காலம் வரைக்கும் எந்திரிக்க மாட்டாருங்க.” சும்மா உட்கார வைத்து, சும்மா பார்த்துக்கொண்டிருந்தால், முக்கால்வாசிப் பேர் வந்த காரியத்தையே மறந்துவிட்டு எழுந்து போய்விடுவார்களாம். வரவேற்பு மேசையில் இத்தனை வருஷமாகப் பார்த்தது அதைத்தானாம்.

வாட்ச்மேன்கள் அவருக்கு ஒரு மாதிரி என்று பேசிக்கொண்டார்கள். அதைப் பரப்பியதில் என் பங்கும் உண்டு. காலி நாற்காலியோடு பேசுகிறவரைப் பற்றி வேறு எப்படிப் பேசுவது? நிஜ விருந்தாளி யாராவது வந்து அந்த நாற்காலியில் உட்கார்ந்துவிட்டால் உங்கள் கோபம் எங்கே போவார் என்று ஒருமுறை சீண்டினேன். “அவரு எந்திரிச்சு எடம் விடுவாருங்க. உங்களாட்ட இல்லீங்க” என்றார்.

பிறகு புது மேலாளர் வந்தார். வரவேற்பறைக்குக் கண்ணாடிக் கதவு, சோபா, செடி, இங்கிலீஷ் பேசும் புது முகம் என்று திட்டமிட்டார். அம்மாளைப் பின்னால் ஸ்டோர்ஸுக்கு மாற்றுவதாக வாய்வழியாகச் செய்தி வந்தது. நான் விஷயம் கேள்விப்பட்டு ஓடினேன், ஆறுதல் சொல்லப் போனதாகத்தான் இத்தனை காலம் சொல்லிவந்திருக்கிறேன். வேடிக்கை பார்க்கப் போனேன்.

அவர் நாற்காலியைப் பார்த்து உட்கார்ந்திருந்தார். கழுத்து, காது, முகம் எல்லாம் சிவப்பு. வந்திருப்பவர் தனியாக வரவில்லை, குடும்பத்தோடு வந்திருக்கிறார் என்று எனக்கே தெரிந்தது. அரைமணி நேரம் போலிருக்கும், வந்தவரையே பார்த்துக்கொண்டிருந்தார். அப்புறம் புடவையைச் சரிசெய்துகொண்டு மேலாளர் அறைக்குள் போனார். நான் கதவோரம் ஒரு தீயணைப்பானைப் பரிசோதிக்க ஆரம்பித்தேன். அன்றைக்கு அதை மிக நுணுக்கமாகப் பரிசோதித்தேன்.

உள்ளே கத்தலே இல்லை. கன்னடத்தில், விலை சொல்வதுபோலப் பேசினார்; அதற்குள் எனக்கும் கேட்டால் புரிகிற அளவுக்குக் கன்னடம் வந்திருந்தது. இங்கே வருகிறவர்கள் சோபாவைப் பார்க்க வருவதில்லை என்றார். கத்திக்கொண்டு வருகிறவர்களை உள்ளே உங்கள் அறை வரைக்கும் வராமல் இத்தனை காலம் நிறுத்தியது யார் என்று கேட்டார். ஸ்டோர்ஸுக்குப் போகச் சொன்னால் போகிறேன், ஆனால் அதை எனக்கு எதிரில் உட்கார்ந்து நீங்களே சொல்ல வேண்டும், யாரோ வந்து சொல்லக்கூடாது என்றார். மேலாளர் பிறகு ஒருமுறை என்னிடம் சொன்னார், அந்த அம்மா கத்தியிருந்தால் நன்றாக இருந்திருக்கும், பதிலுக்குக் கத்தியிருக்கலாம் என்று. சோபா வந்தது. செடி வந்தது. அவரும் இருந்தார். சோபாவுக்குப் பக்கத்தில் அந்தப் பிளாஸ்டிக் நாற்காலியும் இருந்தது.

எப்படிக்கா கத்தாமல் இருந்தீர்கள் என்று பஸ்ஸில் கேட்டேன்.

“அவரை வெளிய உக்கார வெச்சுட்டுத்தானுங்க போனேன். உள்ள போறதுக்கு அவருக்குப் பாஸ் இல்லீங்களே.”

அன்று எனக்கும் ஒருவர் வந்திருந்தார். பெருமை. எங்கள் அக்கா என்கிற பெருமை. பஸ்ஸில் எல்லோரிடமும் அந்தக் கதையை நானே நடத்திய போராட்டம்போலச் சொன்னேன்.

ஒரே ஒரு தடவைதான் அவர் அந்த வார்த்தைகளைக் கன்னடத்தில் சொல்லாமல் விட்டார். அவருடைய அப்பா ஹனூரில் இறந்து, காரியமெல்லாம் முடித்துத் திரும்பி வந்த முதல் நாள். பஸ்ஸில் அவருக்குப் பக்கத்து சீட் காலி. நான் போய் உட்காரப் போனேன். ஜன்னலைப் பார்த்தபடி அவர் “வாங்க” என்றார். சற்றுப் பொறுத்து “உக்காருங்க” என்றார். எனக்குத்தான் சொல்கிறார் என்று உட்கார்ந்துவிட்டேன். பிறகுதான் அவர் முகத்தைப் பார்த்தேன். அது எனக்கில்லை.

என்னக்கா இன்றைக்குத் தமிழில் என்று கேட்டேன். கேட்டிருக்க வேண்டாம்.

“துக்கமுங்க. இவரு எங்கூர்க்காரரு. கன்னடத்துல கூப்புட்டா வருத்தப்படுவாருங்க.”

அங்கிருந்து தொழிற்சாலை வரைக்கும் நான் ஒரு ஜோக்கும் அடிக்கவில்லை. என் வாழ்க்கையில் அது ஒரு சாதனை. இறங்கும்போது அவர் என் பக்கம் திரும்பினார். உங்களுக்கு ஒருத்தர் வருகிறார், கதவைத் தட்டாமலே உள்ளே வந்துவிடுகிறார், அப்படித்தானே என்று கேட்டார். எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. என்னிடம் வருகிறவர்களில் கடன்காரர்கள் மட்டும்தான் கதவைத் தட்டுவார்கள் என்று எதையோ சொல்லிச் சமாளித்தேன். அவர் சிரிக்கவில்லை.

“ஜோக்கெல்லாம் நல்லாத்தானுங்க இருக்குது. ஆனா அவரு இன்னும் நின்னுட்டே இருக்காருங்களே சாரு.”

இத்தனை டாக்டர்களுக்கு அகப்படாதது வரவேற்பு மேசைக்கு அகப்பட்டுவிட்டது. அன்று முழுக்க எனக்குப் பயம், யாரிடமாவது சொல்லிவிடுவாரோ என்று. அவர் சொல்லவில்லை. அடுத்து வந்த பாதுகாப்பு வாரத்தில் நானே தொழிற்சாலை முழுவதற்கும் மைக் வைத்துச் சொல்லிவிட்டேன்.

பாதுகாப்பு வாரம் என்பது எனக்குத் தசரா மாதிரி. மாடியில் கேன்டீன் ஹாலில் விழா. இரண்டு ஷிப்ட் ஆட்களும் நிறைந்திருந்தார்கள். கம்பியில்லாத மைக்கைக் கையில் வைத்துக்கொண்டு மேடையில் நான். அவசர காலத்தில் பதறக்கூடாது என்பதுதான் என் தலைப்பு. அந்த நேரத்தில்தான் சமையல்கட்டின் புகைபோக்கி மோட்டார் எரிந்தது. அடுப்பில் மிளகாய் தாளித்த புகையும் ரப்பர் எரிகிற புகையும் சேர்ந்து கறுப்பாக ஹாலுக்குள் வந்தன. யாரோ பெங்கி என்று கத்தினார்கள். தீ என்று அர்த்தம். அந்த வார்த்தையை மட்டும் நான் வந்த வாரமே கற்றிருந்தேன்.

மேடை போட்டதில் ஒரு பக்கத்துப் படிக்கட்டுக் கதவு மறைந்துபோயிருந்தது. மிச்சம் ஒரே படிக்கட்டு. எல்லோரும் அதை நோக்கிப் பாய்ந்தார்கள். முன்னால் போனவர்கள் படியில் தடுமாற, பின்னால் வந்தவர்கள் தள்ள, நடுவில் சிக்கிய ஒரு பெண்ணின் அலறல் கேட்டது. இன்னும் ஒரு தள்ளு, யாராவது ஒருவர் விழுந்தால் போதும், அவர்மேல் பத்துப் பேர் விழுவார்கள். புகையால் யாரும் சாகப்போவதில்லை, படிக்கட்டால்தான் சாகப்போகிறார்கள் என்று எனக்குத் தெளிவாகத் தெரிந்தது. என்ன சொல்ல வேண்டும் என்றும் தெரியும். பதினைந்து வருஷமாக அதைத்தான் சொல்லிக்கொடுத்துச் சம்பளம் வாங்குகிறேன்.

வாயைத் திறந்தேன். அவர் வந்துவிட்டார்.

கதவைத் தட்டவில்லை. நெஞ்சில் உலக்கை, விரல் மரப்பு, மூச்சு வழி கேட்டு நின்றது. பழைய கச்சேரி முழுவதும் ஒன்றுவிடாமல் நடந்தது. ஜோக்கடிக்கலாம் என்று பார்த்தேன், ஒரு ஜோக்கும் வரவில்லை. மூளை துடைத்த பலகையாகிவிட்டது. அதில் மிச்சமிருந்தது ஒன்றே ஒன்று, தினமும் கடைசி வரிசையில் நடித்து நடித்து நாக்கில் ஒட்டிப்போன அந்த இரண்டு வார்த்தைகள். கண்ணை மூடிக்கொண்டு என் நெஞ்சுக்குள் நின்றவரைப் பார்த்து, மெல்ல, கடைசியில் கொஞ்சம் இறக்கி, சொன்னேன்.

“பன்னி... கூத்கொள்ளி.”

மைக் வாயருகே இருந்தது. ஹாலிலும் படிக்கட்டிலும் கீழேயும் இருந்த அத்தனை ஸ்பீக்கர்களிலும் என் குரல், சம்பந்தி வீட்டாரை வரவேற்பதுபோல, நிதானமாக ஒலித்தது. உட்காருங்கள்.

கண்ணைத் திறந்தேன். எல்லோரும் உட்கார்ந்துவிட்டார்கள்.

நான் பொய் சொல்லவில்லை. ஹாலில் இருந்தவர்கள் இருந்த இடத்தில் தரையில் உட்கார்ந்தார்கள். படிக்கட்டில் இருந்தவர்கள் அந்தந்தப் படியிலேயே உட்கார்ந்தார்கள். ஓடு என்று கத்தியிருந்தால் நடந்திருப்பதே வேறு. நில் என்று கத்தியிருந்தால் யாரும் கேட்டிருக்க மாட்டார்கள். தீ விபத்தின்போது இத்தனை மரியாதையாக ஒருவன் உட்காரச் சொன்னால், விஷயம் தெரிந்துதான் சொல்கிறான் என்று மனிதர்கள் நம்பிவிடுகிறார்கள். எனக்கு அடுத்த வார்த்தை வரவில்லை. அதனால் திரும்பவும் அதையே சொன்னேன். உட்காராமல் மிச்சம் நின்ற சிலரும் உட்கார்ந்தார்கள். தாழ உட்கார்ந்ததால் புகையும் தலைக்குமேல் போனது.

அப்போது படிக்கட்டின் அடியிலிருந்து அந்த அம்மாளின் குரல் கேட்டது. கீழே வரவேற்பறையில் இருந்த ஸ்பீக்கரில் என் குரலைக் கேட்டிருக்கிறார். மற்றவர்களுக்கு அது அறிவிப்பு; அவருக்கு மட்டும் அது என்ன என்று தெரியும். படியேறி வந்து, கைதட்டி, கீழ்ப்படியில் இருந்தவர்களை முதலில் எழுப்பினார். அடுத்த படி. அதற்கடுத்த படி. பந்தியில் சாப்பிட்டு முடித்தவர்களை எழுப்புவதுபோல ஒவ்வொரு வரிசையாக எழுப்பி அனுப்பினார். ஒருவருக்கும் சிராய்ப்புகூட இல்லை. மெயின் சுவிட்சை யாரோ அணைத்தார்கள், மோட்டாரின் தீ தானாக அடங்கியது. அன்றைக்குக் கேன்டீனில் சாம்பார் மட்டும் கெட்டுப்போனது.

எல்லோரும் இறங்கிய பிறகு நான் காலி ஹாலில் மேடை ஓரத்தில் மைக்கைப் பிடித்தபடி நின்றிருந்தேன். அவர் வந்தார். முதல் வேலையாக என் கையிலிருந்த மைக்கை வாங்கி அணைத்தார். பிறகு கேட்டார்.

“உக்காந்தாருங்களா?”

“அவரைத் தவிர எல்லாரும் உக்காந்துட்டாங்கக்கா.”

அவர் சிரித்தார். நான் சொன்ன எத்தனையோ ஜோக்குகளுக்குச் சிரிக்காதவர், நான் ஜோக்காகச் சொல்லாத ஒன்றுக்கு, முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு, கண்ணில் நீர் வரச் சிரித்தார். சிரித்து முடித்துவிட்டுத் தலையை ஆட்டினார்.

“இல்லீங்க சாரு. நல்லாப் பாருங்க.”

பார்த்தேன். முதல் தடவையாக, தப்பி ஓட வழி தேடாமல், யார் வந்திருக்கிறார், எங்கே இருக்கிறார் என்று மட்டும் பார்த்தேன். நெஞ்சில் இல்லை. தொண்டையில் இல்லை. முழங்காலில் இருந்தார், இரண்டு முழங்காலிலும். லேசாக ஆட்டிக்கொண்டு, களைத்துப்போய், உட்கார்ந்திருந்தார். நான் இத்தனை வருஷம் பயந்தது இவரைப் பார்த்தா என்றிருந்தது. பாவமாகக்கூட இருந்தது.

“முட்டியில இருக்காருக்கா,” என்றேன்.

“இருக்கட்டுமுங்க. காபி மட்டும் குடுத்தறாதீங்க,” என்று சொல்லிவிட்டு, வரவேற்பு மேசையில் ஆள் இல்லை என்று கீழே இறங்கிப் போனார்.

மேலாளர் என் கையைப் பிடித்துக் குலுக்கினார். அந்தப் பதற்றத்திலும் எப்படி அவ்வளவு அமைதியாக முடிவெடுத்தீர்கள் என்று கேட்டார். பயிற்சி என்றேன். அது பொய்யில்லை. தலைமை அலுவலகத்திலிருந்து ஆட்கள் வந்து விசாரித்து, நெரிசலில் முதலில் உட்கார வைப்பது என்பதைக் கம்பெனியின் எல்லாத் தொழிற்சாலைகளுக்கும் பயிற்சியாக்கிவிட்டார்கள். அதில் வரும் வாசகம் அப்படியே அந்த இரண்டு வார்த்தைகள்தான், ஊருக்கு ஊர் மொழி மட்டும் மாறும். எனக்கு ஒரு கேடயம் கொடுத்தார்கள். அதை நான் வீட்டில் வைத்திருக்கிறேன், மனைவி துடைக்கும்போதெல்லாம் பன்னி கேடயம் என்கிறாள். மேடையில் அந்த அக்காவின் பெயரையும் சொல்கிறேன் என்றபோது அவர் சம்மதிக்கவில்லை. சொன்னால் அது யாருக்குச் சொன்னது என்பதையும் சொல்ல வேண்டிவருமே சாரு என்றார். என் வேலை போகாமல் இருக்கிறது என்றால் அந்த ஒரு வாக்கியத்தால்தான்.

சில வருஷங்களில் அவர் ஓய்வு பெற்றுப் போய்விட்டார். பிளாஸ்டிக் நாற்காலியைச் சோபாவுக்குப் பொருந்தவில்லை என்று தூக்கிப்போடப் போனார்கள். நான் அதை என் அறைக்கு எடுத்துவந்துவிட்டேன். என்னுடையவர், அந்தப் பயம், இன்னும் வருகிறார். முன்னைப்போல அடிக்கடி இல்லை. நாற்காலி இருக்கிறது, தண்ணீர் இருக்கிறது. சிரிப்பு மூட்டாமல் வரவேற்கிறேன். எங்கே உட்கார்ந்திருக்கிறார் என்று பார்க்கிறேன். சில நாள் சீக்கிரம் போகிறார். சில நாள் தங்குகிறார்.

போன மாதம் ஒசூரில் உள்ள எங்கள் தொழிற்சாலைக்குப் பயிற்சி கொடுக்கப் போயிருந்தேன். அங்கே தமிழில். ஆட்களை ஹாலில் நிறைத்து, சைரனை ஒலிக்கவிட்டு, மைக்கில் சொன்னேன், “வாங்க. உக்காருங்க.” கூட்டம் முழுவதும் ஒரே அலையாக உட்கார்ந்தது. ஒவ்வொரு தடவையும் அந்த அக்கா இதைப் பார்க்க வேண்டும் என்று தோன்றும்.

தரையில் உட்கார்ந்திருந்தவர்களில் ஒரு பெண் என்ஜினியர் கையைத் தூக்கினார். கெட்டிக்காரப் பெண். இத்தனை வருஷத்தில் யாரும் கேட்காத கேள்வியைக் கேட்டார்.

“சார், இருக்கற எடத்துலயே உக்காரணும்னா, உக்காருங்கன்னு மட்டும் சொன்னாப் போதுமே. எதுக்கு சார் வாங்கன்னு சொல்றீங்க? நாங்கதான் ஏற்கெனவே இங்க இருக்கமே?”

ஹாலில் சிரிப்பு. நானும் சிரித்தேன்.

“உங்களைச் சொல்லலீங்க,” என்றேன்.